வீட்டுக் கடன்: தவணையை விட்டுவிட்டு நிலுவையைப் பாருங்கள்

கேள்வி:

நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம். கட்டி முடித்த வீடு ஒன்றைப் பார்த்து வைத்திருக்கிறோம். கையிலிருக்கும் முன்பணம் போக 40 லட்சம் கடன் வேண்டும். இரண்டு இடங்களில் விசாரித்தோம். முதல் இடத்தில் 9 சதவீத வட்டி, வேறு கட்டணம் எதுவும் இல்லை. இரண்டாவது இடத்தில் 8.75 சதவீதம். ஆனால் 1 சதவீதம் செயலாக்கக் கட்டணம் உண்டு. அதோடு 1,20,000க்கு ஒரு காப்பீடு எடுக்க வேண்டும், அதைக் கடனிலேயே சேர்த்துவிடலாம் என்கிறார்கள். இரண்டுமே மாறும் வட்டிதான். 30 ஆண்டு எடுத்தால் தவணை குறையும் என்று இரண்டு இடத்திலும் ஆசை காட்டுகிறார்கள். எங்களால் மாதம் 45,000 வரை கட்ட முடியும். "அசலுக்கு மேல வட்டி கட்டுவீங்க, வேண்டாம்மா" என்கிறார் மாமனார். அவர் சொல்வது சரியா? எந்தக் கடனை, எத்தனை ஆண்டுக்கு எடுப்பது?

பதில்:

மாமனார் சொல்வது கணக்குப்படி சரி. 40 லட்சத்தை 9 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு வாங்கினால் மாதத் தவணை 35,989. 240 மாதம் கட்டி முடிக்கும்போது மொத்தம் 86,37,000க்குக் கொஞ்சம் மேலே போயிருக்கும். அதில் வட்டி மட்டும் 46,37,000. அசலைவிட ஆறு லட்சத்துக்கு மேல் அதிகம்.

அதற்காகக் கடனே வேண்டாம் என்று முடிவெடுக்கத் தேவையில்லை. இந்த 46 லட்சம் கல்லில் செதுக்கிய எண் அல்ல. அது எப்படி உருவாகிறது என்று தெரிந்துகொண்டால், அதில் பத்துப் பதினைந்து லட்சத்தைக் குறைப்பது உங்கள் கையில் இருக்கிறது. தெரியாமல் கையெழுத்துப் போட்டால் அதே எண் 75 லட்சமாகவும் ஆகும்.

முதல் மூன்று மாதங்களை மட்டும் கிட்டத்தில் பார்ப்போம். ஆண்டுக்கு 9 சதவீதம் என்றால் மாதத்துக்கு 0.75 சதவீதம். முதல் மாதம் 40,00,000க்கு வட்டி 30,000. நீங்கள் கட்டும் 35,989இல் இந்த 30,000 போக மீதி 5,989தான் அசலில் கழியும். நிலுவை 39,94,011. இரண்டாம் மாதம் அந்த நிலுவைக்கு வட்டி 29,955, அசலுக்கு 6,034. மூன்றாம் மாதம் வட்டி 29,910, அசலுக்கு 6,079. மாதத்துக்கு நாற்பத்தைந்து, நாற்பத்தைந்தாகத்தான் வட்டி இறங்குகிறது.

இந்த வேகத்தில் போனால் முதல் ஆண்டு முழுவதும் கட்டிய 4,31,868இல் அசலுக்குப் போனது 74,908 மட்டுமே. ஐந்து ஆண்டு முடியும்போது 21,59,000 கட்டியிருப்பீர்கள், கடனோ இன்னும் 35,48,000 நிற்கும். பத்தாவது ஆண்டு முடிவில், பாதிக் காலம் ஓடிய பிறகு, 28,41,000 பாக்கி. தவணையில் வட்டியைவிட அசல் பங்கு பெரிதாவதற்கே பன்னிரண்டு ஆண்டுக்கு மேல் ஆகும். அசலில் சரிபாதி அடைபட 14 ஆண்டு பிடிக்கும். "பத்து வருஷமா கட்டுறோம், இன்னும் இவ்வளவு பாக்கியா?" என்று பலர் அதிர்ச்சி அடைவது இதனால்தான். யாரும் ஏமாற்றவில்லை. ஒவ்வொரு மாதமும் நிற்கும் நிலுவைக்குத்தான் வட்டி என்பதன் நேரடி விளைவு இது.

ஆக, கடனின் உண்மையான விலையைத் தீர்மானிப்பது எவ்வளவு பெரிய நிலுவை எத்தனை காலம் நிற்கிறது என்பதுதான். தவணை அதைக் காட்டாது. கடன் விற்பவர்கள் தவணையைப் பற்றியே பேசுவார்கள், ஏனென்றால் வாங்குபவர் மாதச் சம்பளத்தோடு ஒப்பிடுவது அதைத்தான். நீங்கள் கேட்க வேண்டியது ஆண்டுவாரி நிலுவை அட்டவணையை. கையெழுத்துக்கு முன்பே எழுத்தில் கேளுங்கள், தருவார்கள்.

தராவிட்டாலும் கணினியில் நீங்களே போட்டுக்கொள்ளலாம். விரிதாளில் நான்கு பத்திகள்: தொடக்க நிலுவை, வட்டி, அசல், முடிவு நிலுவை. வட்டி என்பது தொடக்க நிலுவையை ஆண்டு வட்டியால் பெருக்கி 1200ஆல் வகுப்பது. அசல் என்பது தவணையில் வட்டியைக் கழித்தது. தொடக்க நிலுவையில் அசலைக் கழித்தால் முடிவு நிலுவை, அதுவே அடுத்த வரிசையின் தொடக்கம். ஒரு வரிசை எழுதி 240 வரைக்கும் இழுத்துவிட்டால் போதும். கடைசி வரிசை பூஜ்யத்தில், அல்லது சில்லறை வித்தியாசத்தில், முடிய வேண்டும். அவர்கள் தந்த அட்டவணையோடு இது ஒத்துவராவிட்டால் ஏதோ ஒரு கட்டணமோ வேறு வட்டிக் கணக்கு முறையோ உள்ளே இருக்கிறது.

அந்த வேறு முறைகளில் இரண்டைத் தெரிந்துகொள்ளுங்கள். கட்டிய அசலை மாதாமாதம் கழிக்காமல் ஆண்டு முடிவில் மட்டும் கழிப்பது ஒன்று. அதே 40 லட்சம், அதே 9 சதவீதம், அதே 20 ஆண்டு. தவணை 36,515 ஆகிவிடும், மொத்தத்தில் 1,26,000 கூடுதல். மற்றொன்று, குறையும் நிலுவையைக் கணக்கில் எடுக்காமல் முழு அசலுக்கும் கடைசி வரை வட்டி போடும் 'ஃபிளாட்' வட்டி. "வெறும் 5 சதவீதம்" என்று யாராவது சொன்னால் இதுதானா என்று கேளுங்கள். 20 ஆண்டுக்கு 5 சதவீத ஃபிளாட் வட்டி, குறையும் நிலுவைக் கணக்கில் ஏறக்குறைய 8 சதவீதத்துக்குச் சமம்.

30 ஆண்டு ஏன் வேண்டாம்

9 சதவீதத்தில் 40 லட்சத்துக்கு 30 ஆண்டு என்றால் தவணை 32,185. 20 ஆண்டுத் தவணையைவிட 3,804 குறைவு. காட்டப்படும் ஆசை இவ்வளவுதான். ஆனால் மொத்த வட்டி 75,87,000. மாதம் நான்காயிரத்துக்கும் குறைவான நிம்மதிக்காக 29,49,000 கூடுதலாகக் கொடுக்கிறீர்கள். முதல் மாத வட்டி எந்தக் காலத்துக்கும் அதே 30,000தான் என்பதை நினைத்துப் பார்த்தால் காரணம் புரியும். 32,185 கட்டினால் அசலுக்கு 2,185 மட்டுமே போகிறது. நிலுவை அசையவே மாட்டேன் என்று நிற்கிறது.

எதிர்ப்பக்கம் 15 ஆண்டு என்றால் தவணை 40,571. 4,582 மட்டும் கூடுதல். வட்டி 33,03,000 ஆகக் குறைகிறது, 13,35,000 மிச்சம். உங்கள் 45,000 வரம்புக்குள்தான் இது இருக்கிறது.

இங்கே ஒரு நியாயமான மறுப்பு வரும்: இருபது ஆண்டு கழித்துக் கட்டும் பணத்துக்கு இன்றைய மதிப்பு இருக்காதே, பிறகு எப்படி எல்லாவற்றையும் ஒரே கூடையில் போட்டுக் கூட்டுவது? கேள்வி சரியானதே. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்துக்கொண்டு, ஒவ்வொரு தவணையையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால், 20 ஆண்டுக் கடனில் நீங்கள் கட்டுவது 86 லட்சம் அல்ல, சுமார் 55 லட்சம். 15 ஆண்டுக்கு 51.7 லட்சம், 30 ஆண்டுக்கு 60.7 லட்சம். இடைவெளி நன்றாகவே சுருங்குகிறது, ஆனால் வரிசை மாறவில்லை. மாமனாரிடம் இந்தக் கணக்கையும் காட்டுங்கள். 46 லட்சம் என்ற எண் அவரைப் பயமுறுத்தும் அளவுக்கு நிலைமை மோசமில்லை, அதே சமயம் நீண்ட காலம் என்பது இலவசமும் இல்லை. ஒரு எச்சரிக்கை மட்டும்: விலைவாசி ஏறும்போது உங்கள் சம்பளமும் கூடவே ஏறினால்தான் இந்த ஆறுதல் பொருந்தும்.

மாறும் வட்டியில் ஒளிந்திருக்கும் ஆபத்து

இந்தப் பகுதியைத் தயவுசெய்து இரண்டு முறை படியுங்கள். வீட்டுக் கடனில் சத்தமில்லாமல் பெரும்பணம் போகும் இடம் இது.

வட்டி 9இலிருந்து 10 சதவீதமாக ஏறுகிறது என்று வைத்துக்கொள்வோம். கடன் கொடுத்தவர் இரண்டில் ஒன்றைச் செய்யலாம். தவணையைக் கூட்டலாம், அல்லது தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டலாம். கேட்காமலே இரண்டாவதைச் செய்யும் இடங்கள் உண்டு, ஏனென்றால் வங்கிக் கணக்கிலிருந்து போகும் தொகை மாறாததால் வாடிக்கையாளர் கவனிக்கமாட்டார்.

கடன் தொடங்கியவுடனே இது நடந்தால் என்ன ஆகும்? 10 சதவீதத்தில் மாத வட்டி 33,333. உங்கள் 35,989இல் அசலுக்கு மிஞ்சுவது 2,656 மட்டுமே. முன்பு போனதில் பாதிகூட இல்லை. அதனால் 240 மாதம் 314 மாதமாக நீளும், அதாவது 26 ஆண்டு 2 மாதம். மொத்த வட்டி 73 லட்சம். அதே நாளில் "காலத்தை நீட்ட வேண்டாம், தவணையைக் கூட்டுங்கள்" என்று எழுதிக் கொடுத்திருந்தால் தவணை 38,601 ஆகும், 2,612 மட்டும் கூடுதல், மொத்த வட்டி 52,64,000. ஒரு கடிதத்துக்கு மதிப்பு 20 லட்சம்.

11 சதவீதத்துக்கு ஏறினால் நிலைமை இன்னும் கடுமை. மாத வட்டி 36,667. நீங்கள் கட்டும் 35,989 வட்டிக்கே போதாது. பற்றாக்குறை அசலோடு சேர்ந்து, தவறாமல் கட்டிக்கொண்டே இருக்கும்போதே கடன் வளரும். காலத்தை எவ்வளவு நீட்டினாலும் அடையாது.

எனவே வட்டி மாறியதாகச் செய்தி வந்த ஒவ்வொரு முறையும் மூன்றைப் பாருங்கள்: புதிய வட்டி, மீதமுள்ள மாதங்கள், இன்றைய நிலுவை. மீதமுள்ள மாதங்கள் கூடியிருந்தால் உடனே தவணையை உயர்த்தச் சொல்லி எழுதுங்கள். வட்டி இறங்கும்போது இதற்கு நேர்மாறு: தவணையைக் குறைக்கச் சொல்லாதீர்கள், பழைய தவணையையே கட்டினால் காலம் தானாகச் சுருங்கும்.

மாறும் வட்டி எதை வைத்து மாறுகிறது என்பதும் ஒப்பந்தத்தில் இருக்கும். ஓர் அடிப்படை வட்டி, அதன் மேல் கடன் கொடுப்பவரின் கூடுதல் விகிதம் என்று இரண்டு பங்கு. அடிப்படை வட்டி எல்லாருக்கும் பொது, ஏறும், இறங்கும். கூடுதல் விகிதம் உங்கள் ஒப்பந்தத்தோடு ஒட்டிக்கொண்டது. சில ஆண்டு கழித்துப் புதிதாக வருபவருக்குக் குறைந்த கூடுதல் விகிதம் கொடுப்பார்கள், பழைய வாடிக்கையாளர் பழையதிலேயே இருப்பார். ஆண்டுக்கு ஒருமுறை "இன்று புதிதாக வருபவருக்கு என்ன வட்டி?" என்று கேட்டு, வித்தியாசம் இருந்தால் மாற்றித் தரச் சொல்லுங்கள். அதற்கு ஒரு கட்டணம் இருக்கலாம், மிச்சமாகும் வட்டியோடு ஒப்பிட்டால் பெரும்பாலும் சிறியது.

8.75 உண்மையில் எவ்வளவு?

இப்போது உங்கள் இரண்டு கடன்களுக்கு வருவோம். காப்பீடு இல்லாமல் பார்த்தால், 8.75 சதவீதத்தில் 20 ஆண்டுத் தவணை 35,348. மாதம் 641 மிச்சம், 20 ஆண்டில் 1,54,000 மிச்சம். செயலாக்கக் கட்டணம் 40,000ஐ அது ஈடுகட்டச் சுமார் ஐந்தேகால் ஆண்டு ஆகும். அதற்குள் வீட்டை விற்கவோ கடனை மாற்றவோ முன்கூட்டியே அடைக்கவோ போவதில்லை என்றால் இரண்டாவது இடம் லாபம்.

காப்பீட்டைச் சேர்த்ததும் கதை தலைகீழாகிறது. 1,20,000ஐக் கடனில் ஏற்றினால் கடன் 41,20,000. தவணை 36,409. 9 சதவீதக் கடனின் தவணையைவிடவே 420 அதிகம்! வட்டி குறைந்த கடனுக்குத் தவணை கூடியிருக்கிறது. அந்தப் பிரீமியத்துக்காக மட்டும் மாதம் 1,060 வீதம் 240 மாதம் கட்டி, 1,20,000 மதிப்புள்ள காப்பீட்டுக்கு 2,54,500 கொடுத்திருப்பீர்கள். கட்டணம், காப்பீடு எல்லாவற்றையும் செலவாக எடுத்து, உங்கள் வீட்டுக்கு உண்மையில் பயன்படும் 39,60,000க்கு எதிராகக் கணக்குப் போட்டால், 8.75 என்று சொன்ன கடன் சுமார் 9.3 சதவீதக் கடன். கடன்களை ஒப்பிட வேண்டியது இந்த எல்லாம் சேர்ந்த விகிதத்தில்தான். இரு தரப்பிடமும் அதையே கேளுங்கள்.

காப்பீடே வேண்டாம் என்று சொல்லவில்லை. இருவர் சம்பளத்தை நம்பிக் கடன் எடுக்கிறீர்கள். ஒருவருக்கு ஏதாவது ஆனால் மற்றவர் தனியாகத் தவணை கட்ட நேரும். ஆகவே இருவர் பேரிலும் பாதுகாப்பு இருக்கத்தான் வேண்டும். ஆனால் அவர்கள் விற்கும் காப்பீட்டில் நான்கைக் கேளுங்கள். யார் பேரில் இருக்கிறது, ஒருவரா இருவரா? காப்புத் தொகை கடனோடு சேர்ந்து குறைந்துகொண்டே போகிறதா? வட்டி ஏறிக் காலம் நீண்டால் காப்பும் நீளுமா? கடனை வேறிடத்துக்கு மாற்றினால் காப்பீடு செத்துவிடுமா? பிறகு, அதே தொகைக்குத் தனியாக ஒரு டெர்ம் பாலிசியின் (குறித்த காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீடு) ஆண்டு பிரீமியத்தை விசாரித்து ஒப்பிடுங்கள். "இது கட்டாயம்" என்றால் அதை எழுத்தில் தரச் சொல்லுங்கள். எழுத்தில் கேட்டதும் பல 'கட்டாயங்கள்' விருப்பத்துக்குரியவை ஆகிவிடும். காப்பீட்டை விலக்கிவிட்டால் இரண்டாவது கடனை எடுங்கள், விலக்க முடியாவிட்டால் முதல் கடன்.

அதற்கு முன் ஒன்று உறுதியாக வேண்டும். 8.75 என்பது தொடக்கச் சலுகையா? முதல் இரண்டு ஆண்டு மட்டும் 8.75, பிறகு 9.5 என்று இருந்தால், மூன்றாம் ஆண்டு தவணை 37,153க்கு ஏறும். மொத்தத்தில் 9 சதவீதக் கடனைவிட 2,36,000 கூடுதல். சலுகை முடிந்த பின் வரும் வட்டி ஒப்பந்தத்தின் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று விரல் வைத்துக் காட்டச் சொல்லுங்கள்.

எத்தனை ஆண்டு?

ஒப்பந்தத்தில் 20 ஆண்டு எழுதுங்கள், நடைமுறையில் 15 ஆண்டுக் கடனாகக் கட்டுங்கள். இதுதான் என் பரிந்துரை. 9 சதவீதத்தில் கட்டாயத் தவணை 35,989. மாதாமாதம் 4,582ஐ அசலில் கூடுதலாகக் கட்டுங்கள். கூடுதல் தொகைக்குக் கட்டணம் இல்லை, கட்டிய மாதமே அசலில் வரவு வைப்பார்கள் என்றால், பலன் 15 ஆண்டுக் கடனுக்கு அப்படியே சமம். வேலையிலோ உடல்நலத்திலோ சிக்கல் வரும் மாதங்களில் கூடுதலை நிறுத்திக்கொள்ளலாம், கட்டாயத் தவணை சின்னதாகவே இருக்கும். 15 ஆண்டு ஒப்பந்தத்தில் அந்த நெகிழ்வு கிடையாது. 15 ஆண்டுக்கு வட்டியைக் கணிசமாகக் குறைத்துத் தந்தால் மட்டும் இதை மறுபரிசீலனை செய்யுங்கள். கையில் பணம் இருந்தால் செலவழித்துவிடும் வழக்கம் இருந்தாலும் 15 ஆண்டு ஒப்பந்தமே மேல். இது உங்கள் இருவருக்கும்தான் தெரியும்.

45,000 கட்ட முடியும் என்பதற்காக 45,000 தவணைக்கே ஒப்பந்தம் போடாதீர்கள். 20 ஆண்டுக் கடனில் வட்டி தொடக்கத்திலேயே 11 ஆனால் தவணை 41,288, 12 ஆனால் 44,043. அதாவது உங்கள் 45,000 வரம்பு 12 சதவீதம் வரை தாங்கும். அந்த இடைவெளிதான் உங்கள் பாதுகாப்பு. மேலும் வீட்டுவரி, பராமரிப்பு, வீட்டுக் காப்பீடு எல்லாம் இந்த 45,000க்கு வெளியே இருக்கிறதா என்று பாருங்கள். பழுது, வண்ணம், குழாய் வேலைகளுக்கு வீட்டின் மதிப்பில் ஆண்டுக்கு 1 சதவீதம் ஒதுக்குவது பொதுவான தோராயக் கணக்கு. புது வீட்டில் சில ஆண்டு அது செலவாகாமல் சேரும், பிறகு மொத்தமாகக் கேட்கும். பதிவு, சட்ட ஆய்வு, மதிப்பீட்டுச் செலவுகள் எந்தக் கடனுக்கும் ஏறக்குறைய ஒன்றே. அவற்றுக்கான பணத்தை முன்பணத்திலிருந்து எடுத்துவிடாமல் தனியாக வையுங்கள்.

கூடுதலாகக் கட்டத் தொடங்குவதற்கு முன் ஆறு தவணைக்கான பணம், சுமார் 2,16,000, எளிதில் எடுக்கக்கூடிய சேமிப்பில் இருக்கட்டும். கிரெடிட் கார்டு பாக்கி, நகைக்கடன், தனிநபர் கடன் என்று இதைவிட வட்டி அதிகமான எதுவும் இருந்தால் முதலில் அதை அடையுங்கள். அசலில் வீசிய பணத்தைத் திரும்ப எடுப்பது எளிதல்ல.

அதன்பிறகு, எவ்வளவு சீக்கிரம் கட்டுகிறீர்களோ அவ்வளவு பலன். 2 லட்சத்தை முதல் ஆண்டு முடிவில் கட்டினால் 27 மாதத்துக்கு மேல் குறையும், 7,93,000 வட்டி மிச்சம். அதே 2 லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 2,69,000. பதினைந்தாம் ஆண்டில் 1,04,000. அசலிலிருந்து 2 லட்சம் போனால் அடுத்த மாதமே 1,500 வட்டி நின்றுவிடுகிறது, அந்த 1,500 தானாக அசலுக்குத் திரும்புகிறது. அப்படித் திரும்ப எத்தனை மாதம் இருக்கிறது என்பதுதான் வித்தியாசம். மொத்தமாகப் பணம் வராது என்றால், போனஸ் வரும் மாதத்தில் ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டுங்கள். அது மட்டுமே 20 ஆண்டுக் கடனை 16 ஆண்டு 7 மாதத்தில் முடித்து, 9 லட்சத்துக்கு மேல் மிச்சப்படுத்தும்.

இதில் நடக்கும் தவறுகள் இரண்டு. கூடுதல் பணத்தை 'முன்தவணை' என்று வைத்துக்கொண்டு அசலில் கழிக்காமல் விடுவது முதல் தவறு. "அசலில் வரவு வைக்கவும், தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து, அடுத்த மாத அறிக்கையில் தொடக்க நிலுவை அந்த அளவு இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டாவது, காலத்தைக் குறைப்பதற்குப் பதில் தவணையைக் குறைக்கச் சம்மதிப்பது. முதல் ஆண்டு முடிவில் கட்டிய அதே 2 லட்சத்துக்குத் தவணையைக் குறைத்தால் மாதம் 1,834 குறையும், மொத்த மிச்சம் 2,18,000 மட்டும். காலத்தைக் குறைத்தால் 7,93,000 என்று மேலே பார்த்தோம். முன்கூட்டிக் கட்ட அபராதம் உண்டா என்பது நாட்டின் விதியைப் பொறுத்தும், நிலையான வட்டியா மாறும் வட்டியா என்பதைப் பொறுத்தும் மாறும். கையெழுத்துக்கு முன் ஒப்பந்தத்தில் அந்தப் பத்தியைத் தேடிப் படித்துவிடுங்கள்.

சில ஆண்டு கழித்து, "உங்கள் கடனை எங்களிடம் மாற்றுங்கள், 8.25 தருகிறோம்" என்று அழைப்பு வரும். நல்லதாகவும் இருக்கலாம். ஐந்து ஆண்டு முடிந்து 35,48,000 நிலுவையில், மீதமுள்ள 15 ஆண்டுக்கே மாற்றினால் தவணை 34,423 ஆகும், மொத்தம் 2,82,000 மிச்சம். மாற்றும் செலவு 45,000 என்றால் இரண்டரை ஆண்டுக்குள் ஈடாகிவிடும். ஆனால் பெரும்பாலும் புதிதாக 20 ஆண்டு போட்டு நீட்டுவார்கள். தவணை 30,234 என்று கேட்க இனிமையாக இருக்கும். 240 மாதம் கட்டினால் 72,56,000. பழைய கடனிலேயே இருந்திருந்தால் மீதி 64,78,000தான். வட்டியும் குறைந்து தவணையும் குறைந்து, கையிலிருந்து போவது மட்டும் 7,78,000 கூடுகிறது. மாற்றினால் மீதமுள்ள மாதங்களுக்கே மாற்றுங்கள், பழைய தவணையையே தொடருங்கள்.

கடைசியாக, மறக்காமல் செய்ய வேண்டிய ஒரு வேலை. கடனுக்காக அசல் பத்திரங்களை ஒப்படைக்கும்போது, ஒவ்வோர் ஆவணத்தின் பெயர், எண், தேதி, பக்க எண்ணிக்கை குறித்த பட்டியலில் கையொப்பமும் முத்திரையும் வாங்கி, நகலை வீட்டில் வையுங்கள். கடைசித் தவணை முடிந்ததும் 'நிலுவை இல்லை' சான்றிதழ் வாங்கி, இந்தப் பட்டியலை வைத்துப் பத்திரங்களை ஒவ்வொன்றாகச் சரிபார்த்துப் பெற்றுக்கொண்டு, பதிவேட்டில் வீட்டின் மேல் இருக்கும் அடமானக் குறிப்பையும் நீக்கச் சொல்லுங்கள். அந்தக் குறிப்பு நீங்காவிட்டால், கடன் அடைந்த பிறகும் வீட்டை விற்கும் நாளில் அது குறுக்கே வந்து நிற்கும்.